விமானத்திலிருந்து ஆவணக் காப்பகத்துக்கு: நோபிள் ஃபிராங்க்லண்டின் வாழ்க்கையை எழுதுவது எப்படி

போரில் பறந்தவர், பிறகு அந்தப் போரின் வரலாற்றையே எழுதியவர் என்றால் அவருடைய வாழ்க்கையை எழுதுவது சுலபம் என்று தோன்றும். எல்லாவற்றையும் அவரே எழுதிவைத்திருப்பாரே! சிக்கலே அங்கேதான். சாட்சிக் கூண்டில் நிற்பவரும் தீர்ப்பை எழுதுபவரும் ஒரே ஆள். அவருடைய நூலைக் கையில் வைத்துக்கொண்டு தொடங்கினால், அவர் எதை முக்கியம் என்று நினைத்தாரோ அதையே நாமும் முக்கியம் என்று எழுதி முடிப்போம்.

ஆகவே வரிசையை மாற்ற வேண்டும். முதலில் அவரைப் பற்றிப் பிறர் அன்றன்றைக்கு எழுதிவைத்த தாள்கள். அடுத்து, அவர் அன்றன்றைக்குத் தன் கைப்பட எழுதியவை. கடைசியில்தான், பல ஆண்டு கழித்து அவர் எழுதிய நூல்கள். இந்த வழிகாட்டி முழுக்க அந்த வரிசையில்தான் போகிறது. எடுத்துக்காட்டுக்கு நோபிள் ஃபிராங்க்லண்ட்.

ஆளைச் சுருக்கமாக: 1922 ஜூலை 4 பிறப்பு. செட்பர் பள்ளி, ஆக்ஸ்ஃபோர்டில் டிரினிட்டி கல்லூரி. 1941 முதல் 1945 வரை பிரிட்டிஷ் விமானப்படை, லங்காஸ்டர் குண்டுவீச்சு விமானங்களில் நேவிகேட்டர் (வழி கணிப்பவர்), 50ஆம் ஸ்குவாட்ரன் (விமானப்படைப் பிரிவு), 1944இல் டி.எஃப்.சி. என்ற வான்போர் வீரப் பதக்கம். போர் முடிந்தபின் விமான அமைச்சகத்தின் வரலாற்றுப் பிரிவு, பிறகு அமைச்சரவை அலுவலகத்தில் அதிகாரபூர்வ வரலாற்றாசிரியர் பணி. ஜெர்மனி மீதான குண்டுவீச்சு பற்றி சர் சார்லஸ் வெப்ஸ்டருடன் சேர்ந்து எழுதிய நான்கு தொகுதிகள் 1961இல் வந்தன. 1960 முதல் 1982 வரை லண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தின் இயக்குநர். ஜார் இரண்டாம் நிக்கோலஸ், குளோஸ்டர் கோமகன் ஹென்றி, கன்னாட் கோமகன் ஆர்தர் ஆகிய மூவரின் வாழ்க்கை வரலாறுகளை எழுதினார். 2019 அக்டோபர் 31 மறைவு.

பெயரும் எண்ணும்

தமிழில் தேடினால் ‘நோபிள்’ என்பதற்கு நோபல் பரிசுதான் வந்து நிற்கும். அதைத் தாண்டிப் போங்கள். ஆங்கிலத்தில் தேடும்போதும் ஒரு தடை இருக்கிறது. முழுப்பெயர் ஆன்டனி நோபிள் ஃபிராங்க்லண்ட். அரசிதழிலும் ஸ்குவாட்ரன் பதிவுகளிலும் இரண்டு முதலெழுத்துகளும் குடும்பப்பெயரும்தான் இருக்கும். ஊரறிந்த பெயரை மட்டும் தட்டினால் பாதி ஆவணம் கண்ணில் படாது. குடும்பப்பெயரில் தேடி, முதலெழுத்தை வைத்து வடிகட்டுங்கள்.

அடுத்துப் படை எண். சாதாரணப் படைவீரராகச் சேர்ந்து பிறகு அதிகாரியாக உயர்ந்தவருக்கு இரண்டு எண்கள் உண்டு: சேர்ந்தபோது ஒன்று, அதிகாரியானபோது வேறொன்று. ஒன்றை மட்டும் வைத்துத் தேடிவிட்டு “1943க்கு முன் இவரைப் பற்றி எதுவுமே இல்லை” என்று எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். அதிகாரி ஆன நாள் அரசிதழில் வரும். புது எண்ணும் அங்கேயே கிடைக்கும்.

படைப் பணிப் பதிவை விண்ணப்பித்துப் பெறலாம். பிரிட்டன் பாதுகாப்பு அமைச்சகத்திடம் இருந்த பதிவுகள் தேசிய ஆவணக் காப்பகத்துக்கு மாறிவருகின்றன. உங்கள் ஆளின் பதிவு இப்போது யாரிடம் இருக்கிறது என்று பார்த்துவிட்டு விண்ணப்பியுங்கள். இறந்து 25 ஆண்டு ஆகாதவரானால், நெருங்கிய உறவினரின் சம்மதம் இல்லாமல் அமைச்சகம் சுருக்கமான விவரங்களை மட்டுமே தந்துவந்தது. ஃபிராங்க்லண்ட் மறைந்தது 2019. அந்தக் கணக்குப்படி முழுப் பதிவையும் நம்பித் திட்டம் போட முடியாது. பரவாயில்லை, பணிப் பதிவில் பெரும்பாலும் இடமாற்றத் தேதிகள்தான் இருக்கும். உயிருள்ள விவரம் வேறு இடத்தில் இருக்கிறது.

இங்கேயே ஒரு சொல்லைத் திருத்திக்கொள்வோம். தமிழில் விமானத்தில் போனவரை எல்லாம் ‘விமானி’ என்று எழுதிவிடுகிறோம். லங்காஸ்டரில் ஏழு பேர்: விமானி, ஃபிளைட் எஞ்சினியர், நேவிகேட்டர், குண்டு குறிபார்ப்பவர், வயர்லெஸ் ஆபரேட்டர், முதுகுப்புறத் துப்பாக்கியாளர், வால் துப்பாக்கியாளர். ஃபிராங்க்லண்ட் விமானி அல்ல. திரை போட்டு மறைத்த சிறு மேசையில், விளக்கு வெளிச்சத்தில், வரைபடத்தின் மேல் பென்சிலோடு உட்கார்ந்திருந்தவர். பல இரவுகளில் வெளியே நடப்பதை நேவிகேட்டர் பார்க்கவே மாட்டார். ‘ஹாம்பர்க் எரிவதைக் கண்ணால் கண்ட விமானி’ என்கிற மாதிரி வாக்கியம் எழுதுமுன் அவர் உட்கார்ந்த இடத்தை நினைத்துப்பாருங்கள். இன்னொன்று: 1942 வரை ‘அப்சர்வர்’ என்ற ஒரே ஆள் வழியும் பார்த்தார், குண்டும் போட்டார். அந்த ஆண்டு அந்த வேலையை நேவிகேட்டர், குண்டு குறிபார்ப்பவர் என்று இரண்டாகப் பிரித்தார்கள். பழைய ஆவணத்தில் ‘அப்சர்வர்’ என்று கண்டால் பார்வையாளர் என்று மொழிபெயர்த்துவிட வேண்டாம்.

லாக் புக்கைப் படிப்பது

விமானக் குழுவில் ஒவ்வொருவரும் சொந்தமாக லாக் புக், அதாவது தன் பறப்புகளைக் குறித்துவைக்கும் புத்தகம், வைத்திருக்க வேண்டும் என்பது விதி. விமானிகளுக்கு ஒரு வகைப் புத்தகம், நேவிகேட்டர், துப்பாக்கியாளர் முதலானோருக்கு இன்னொரு வகை. இரண்டாவதில் தேதி, நேரம், விமான வகையும் எண்ணும், விமானியின் பெயர், தன் வேலை, குறிப்பு, பகல் மணி, இரவு மணி என்று பத்திகள் வரும். மாதக் கடைசியில் மேலதிகாரி கையொப்பமிடுவார். பல லாக் புக்குகள் குடும்பத்தாரிடமே தங்கியிருக்கும். சில ஏலத்துக்குப் போய்விடும். கையில் எதுவும் இல்லாவிட்டாலும் படிக்கப் பழகலாம். பாம்பர் கமாண்ட் என்பது பிரிட்டிஷ் விமானப்படையின் குண்டுவீச்சுப் பிரிவு. இங்கிலாந்தின் லிங்கன் நகரில் உள்ள சர்வதேச பாம்பர் கமாண்ட் மையத்தின் இணையக் காப்பகத்தில் ஸ்கேன் செய்த லாக் புக்குகள் ஏராளம். முன்பின் தெரியாத நான்கு பேருடையதைப் பொறுமையாகப் படித்துப் பழகிவிட்டு உங்கள் ஆளிடம் வாருங்கள்.

தவறு நடக்கும் இடங்கள் இவை.

பறந்த நேரம் ‘7.25’ என்று இருக்கும். அது ஏழே கால் மணி அல்ல. 7 மணி 25 நிமிடம். கணினி அட்டவணையில் அப்படியே ஏற்றிக் கூட்டினால் மொத்தம் கெட்டுவிடும். 7.25உடன் 6.50ஐக் கூட்டினால் 14.15 வர வேண்டும், கணினி 13.75 என்று காட்டும். மணிக்கு ஒரு பத்தி, நிமிடத்துக்கு ஒரு பத்தி என்று பிரித்து ஏற்றுங்கள்.

மையின் நிறத்தைக் கவனியுங்கள். இரவுத் தாக்குதலைச் சிவப்பிலும் பகல் தாக்குதலைப் பச்சையிலும் எழுதுவது பரவலான வழக்கம். கருப்பு வெள்ளை நகலை வைத்து வேலை செய்தால் பயிற்சிப் பறப்பும் போர்ப் பறப்பும் ஒன்றாகக் கலந்துவிடும். வண்ண நகல் கேட்டு வாங்குங்கள்.

‘டி.என்.சி.ஓ.’ என்று இருந்தால் பணி நிறைவேறவில்லை, பாதியில் திரும்பிவிட்டார்கள் என்று பொருள். குடும்பக் கணக்கில் அதுவும் ஒரு தாக்குதலாகச் சேர்ந்திருக்கும்.

எண்ணிக்கைதான் பெரிய பொறி. ஒருவர் ஓய்வுக்கு முன் தொடர்ந்து பறக்க வேண்டிய பணிக் காலத்தைச் சுற்று என்பார்கள். முதல் சுற்றுக்கு 30 தாக்குதல், இரண்டாம் சுற்றுக்கு 20 என்பது பொதுக் கணக்கு. 1944 தொடக்கத்தில் பிரான்சில் உள்ள இலக்குகள் எளிது என்று நினைத்து, அவற்றில் பெரும்பாலானவற்றை மூன்றில் ஒரு பங்கு தாக்குதலாகக் கணக்கிட்டார்கள். மே 3/4 இரவு மெய்லி-லெ-காம்ப் மீது போன 346 லங்காஸ்டர்களில் 42 திரும்பவில்லை. அதற்குப் பிறகு அந்தக் கணக்கைக் கைவிட்டார்கள். ஆகவே 1944 வசந்த காலத்தில் பறந்த ஒருவரின் லாக் புக்கில் ‘30’ என்று இருந்தால், நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்து நீங்களே ஒவ்வொன்றாக எண்ணுங்கள். எத்தனை முறை எதிரி வானத்துக்குப் போனார் என்பது வேறு, எத்தனை என்று கணக்கில் ஏற்றினார்கள் என்பது வேறு. இரண்டையும் எழுதுங்கள்.

ஸ்குவாட்ரன் பதிவேடு

லாக் புக் ஒருவரின் கை. அதைச் சரிபார்க்க ஸ்குவாட்ரனின் செயல்பாட்டுப் பதிவேடு வேண்டும். இதில் இரண்டு வகைத் தாள்கள். ஃபார்ம் 540 அன்றாட நிகழ்ச்சிகளின் சுருக்கம். ஃபார்ம் 541இல் ஒவ்வொரு விமானத்துக்கும் எண், குழுவினர் பெயர், கிளம்பிய நேரம், இறங்கிய நேரம், சொல்லிய விவரம் எல்லாம் இருக்கும். உங்களுக்கு முக்கியம் 541.

இவை லண்டனின் தென்மேற்கில் கியூவில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில், ‘ஏர் 27’ என்ற வரிசையில் இருக்கின்றன. ஆங்கிலத்தில் காற்றுக்கான மூன்றெழுத்துச் சொல்தான் ‘ஏர்’. பட்டியலில் அதையே தட்டுங்கள். பக்கத்து வரிசைகளையும் மனதில் வைத்திருங்கள்: விமான நிலையங்களுக்கு ஏர் 28, பயிற்சி அலகுகள் முதலானவற்றுக்கு ஏர் 29, வான்சண்டை அறிக்கைகளுக்கு ஏர் 50, பாம்பர் கமாண்ட் தலைமையகக் கோப்புகளுக்கு ஏர் 14. ஏர் 27ஐயும் ஏர் 50ஐயும் ஸ்கேன் செய்துவிட்டார்கள். மதுரையிலிருந்தும் யாழ்ப்பாணத்திலிருந்தும் தரவிறக்கலாம். ஏர் 14 வேண்டுமென்றால் பெரும்பாலும் நேரில் போக வேண்டும். வாசகர் அட்டைக்குக் கட்டணம் இல்லை. அடையாளச் சான்றும் முகவரிச் சான்றும் போதும். கோப்புகளை முன்கூட்டியே கேட்டுவையுங்கள். உள்ளே பென்சில் மட்டும். ஃபிளாஷ் இல்லாமல் உங்கள் கேமராவிலேயே படம் எடுத்துக்கொள்ளலாம். முதல் நாளில் வாசிக்காதீர்கள், படம் மட்டும் எடுங்கள். ஒவ்வொரு கோப்பிலும் முதல் படம் கோப்பு எண்ணுள்ள அட்டையாக இருக்கட்டும். இல்லையென்றால் வீட்டுக்கு வந்தபின் எந்தத் தாள் எந்தக் கோப்பு என்று முழிப்பீர்கள்.

50ஆம் ஸ்குவாட்ரனின் தளம் லிங்கன் நகரை ஒட்டிய ஸ்கெல்லிங்தார்ப். அதே ஓடுபாதையை 61ஆம் ஸ்குவாட்ரனும் பகிர்ந்துகொண்டது. நிலையப் பதிவேட்டைப் படிக்கும்போது எது எவருடையது என்று பிரித்துக்கொள்ளுங்கள். 50க்கு உரிய விமான எழுத்துக் குறி ‘வி.என்.’. தளம் இருந்த இடத்தில் இன்று பர்ச்வுட் என்ற குடியிருப்புப் பகுதி. ஓடுபாதையைத் தேடிப் போய் ஏமாற வேண்டாம்.

பதிவேட்டைத் தட்டச்சு செய்தவர் பறந்தவர் அல்ல. பெயரில் எழுத்துப் பிழை, விமான எண்ணில் எழுத்து மாற்றம் எல்லாம் சகஜம். லாக் புக்கும் 541உம் முரண்பட்டால் அன்றிரவு அதே குழுவில் இருந்த இன்னொருவரின் லாக் புக்கைத் தேடுங்கள். ஏழு பேரில் ஒருவருடையதாவது கிடைத்தால் பெரும்பாலும் முடிச்சு அவிழ்ந்துவிடும்.

541இல் ‘முதன்மை இலக்கைத் தாக்கினோம்’ என்று இருப்பது, குழுவினர் இறங்கியதும் சொன்ன வாக்குமூலம். பொய் சொன்னார்கள் என்றில்லை, அவர்களுக்கே தெரியாது. 1941 ஆகஸ்டில் அமைச்சரவைச் செயலகத்தைச் சேர்ந்த பட் என்பவர், ஜூன், ஜூலை இரவுகளில் எடுத்த சுமார் 650 புகைப்படங்களை வைத்து இதைச் சோதித்தார். இலக்கைத் தாக்கியதாகச் சொன்ன விமானங்களில் மூன்றில் ஒன்றுதான் இலக்கிலிருந்து ஐந்து மைலுக்குள் போயிருந்தது. ரூர் தொழிற்பகுதியில் பத்தில் ஒன்று. கீ, எச்2எஸ் போன்ற ரேடியோ, ரேடார் கருவிகள் வந்தபின் நிலைமை மாறியது உண்மைதான். ஆனாலும் வாக்குமூலத்தைப் புகைப்படம் இல்லாமல் முடிவாக எடுத்துக்கொள்ளக் கூடாது என்ற பாடம் போர் முழுவதற்கும் பொருந்தும்.

கடிகாரமும் நாட்காட்டியும்

இரவுத் தாக்குதலுக்கு இரண்டு தேதிகள். நியூரம்பர்க் மீது 795 விமானங்கள் போய் 95 திரும்பாத அந்த இரவு 1944 மார்ச் 30/31. லாக் புக்கில் கிளம்பிய 30 இருக்கும். இறந்தவர்களின் கல்லறையில் 31 இருக்கும். இரண்டும் சரி. உங்கள் அட்டவணையில் எப்போதும் ‘30/31’ என்றே எழுதுங்கள்.

மணி அதைவிடச் சிக்கல். போர்க்காலத்தில் பிரிட்டன் குளிர்காலத்தில் கிரீன்விச்சைவிட ஒரு மணி நேரமும், கோடையில் இரண்டு மணி நேரமும் முன்னே ஓடியது. 1944இல் இந்த இரட்டைக் கோடை நேரம் ஏப்ரல் 2 முதல் செப்டம்பர் 17 வரை. தளத்துச் சுவர்க் கடிகாரம் இதைக் காட்டும். நேவிகேட்டரின் கணக்கு கிரீன்விச் நேரத்தில் ஓடும். ஒரே நிகழ்ச்சிக்கு இரு தாள்களில் இரண்டு மணி நேர வித்தியாசம் வருவது இதனால்தான். எந்த நேரம் என்று தாளில் இல்லாவிட்டால் சூரியனைக் கேளுங்கள். ஜூன் நடுவில் லிங்கன் பக்கம் சூரியன் மறைவது கிரீன்விச் கணக்கில் ஏறக்குறைய இரவு எட்டரை, அன்றைய சுவர்க் கடிகாரத்தில் பத்தரை. ‘எட்டரைக்குக் கிளம்பினோம்’ என்று இருந்தால், அது கிரீன்விச்சா, பட்டப்பகலா என்று அன்றைய இலக்கை வைத்து முடிவுசெய்யலாம்.

பதக்கம்

அந்தக் காலத்தில் டி.எஃப்.சி. அதிகாரிகளுக்கும் வாரண்ட் அதிகாரிகளுக்கும் உரியதாக இருந்தது, கீழ்நிலையினருக்கு டி.எஃப்.எம். என்ற தனிப் பதக்கம். லண்டன் கெஜட் என்ற அரசிதழில் வந்த தேதி, செயல் நடந்த தேதி அல்ல. குறிப்பிட்ட ஓர் இரவுக்காக உடனடியாகத் தந்த பதக்கம் என்றால் பாராட்டுரை அச்சாகியிருக்கும். சுற்று முடித்ததற்காகத் தந்ததென்றால் பெரும்பாலும் பெயர் மட்டும்தான். பாராட்டுரை இல்லாத பதக்கத்துக்கு ஒரு வீரக்கதையை நாமே தைத்துவிடக் கூடாது. பரிந்துரைத் தாள் ‘ஏர் 2’ வரிசையில் இருந்தால் அதில் பறப்பு எண்ணிக்கையும் இலக்குகளும் வரும். லாக் புக்குடன் ஒப்பிட அருமையான தாள். கெஜட்டை இணையத்தில் தேடும்போது, கணினி எழுத்தைத் தவறாகப் படித்திருக்கும் என்பதை நினைவில் வைத்து, கிடைக்காவிட்டால் தேதியை வைத்துப் பக்கம் பக்கமாகப் புரட்டுங்கள்.

சாட்சி, தீர்ப்பெழுத உட்காரும்போது

இந்த வாழ்க்கையின் நடு மையம் இதுதான். நேரத்தில் பெரும் பங்கை இங்கே செலவிடுங்கள்.

பாம்பர் கமாண்டில் பறந்த சுமார் 1,25,000 பேரில் 55,573 பேர் மாண்டார்கள். அந்தக் கூட்டத்திலிருந்து உயிரோடு வந்த ஒருவர், முப்பது வயதைத் தொடுமுன், அந்தத் தாக்குதல்களால் பயன் இருந்ததா என்று அரசாங்கத்துக்காக ஆராயத் தொடங்குகிறார். “அங்கே இருந்தவர், சொன்னால் சரியாகத்தான் இருக்கும்” என்று ஒரு பக்கம் எழுதுவார்கள். “அங்கே இருந்தவர், மனம் கசந்து எழுதினார்” என்று இன்னொரு பக்கம். இரண்டுமே சோம்பேறித்தனம். இதைச் சோதித்துப் பார்க்க வழி இருக்கிறது.

நான்கு தொகுதிகளில் முதல் மூன்றும் விவரணை. நான்காவது முழுக்க இணைப்புகளும் ஆவணங்களும். பட் அறிக்கையே அதில் இருக்கிறது. பெரும்பாலோர் மூன்றாவதோடு நிறுத்திவிடுகிறார்கள். நீங்கள் நான்காவதிலிருந்து தொடங்குங்கள். ஓர் ஆவணத்தைப் படித்து, உங்கள் முடிவை ஒரு பத்தி எழுதிவைத்துவிட்டு, பிறகு அதே விஷயம் பற்றி விவரணையில் என்ன எழுதியிருக்கிறார்கள் என்று பாருங்கள். இப்படிப் பத்து இடங்களில் செய்தால் ஆசிரியர்களின் கை எந்தப் பக்கம் சாய்கிறது, சாய்கிறதா என்று தெரிந்துவிடும்.

அடிக்குறிப்புகளில் யார் யாருக்கு, என்றைக்கு எழுதினார்கள் என்று இருக்கும். கோப்பு எண் இருக்காது. காரணம் எளிது. 1958இன் பொது ஆவணச் சட்டப்படி தாள்கள் ஐம்பது ஆண்டு மூடியிருந்தன. 1961இல் வாசகர் யாரும் போய்ப் பார்க்க முடியாது. 1967இல் முப்பது ஆண்டு என்று குறைத்தார்கள். 1972இல் இரண்டாம் உலகப் போர்க் கோப்புகளை மொத்தமாகத் திறந்தார்கள். ஆகவே இந்த நூல் பற்றி 1972க்கு முன் வந்த கண்டனமானாலும் பாராட்டானாலும், பெரும்பாலும் மூலத்தைப் பார்க்காமல் எழுதியது. விமர்சனங்களைத் தேதிவாரியாக இரண்டு கட்டாகப் பிரித்துவையுங்கள்.

இன்று அந்தக் கடிதங்களைத் தேட, விமானப்படைத் தலைவரின் தாள்களுக்கு ஏர் 8, பாம்பர் கமாண்டுக்கு ஏர் 14, பிரதமர் அலுவலகத்துக்கு பிரெம் (PREM) 3 என்ற வரிசைகளைத் தேதி கொண்டு துழாவுங்கள். விமானப்படைத் தலைவர் போர்ட்டலின் தாள்கள் ஆக்ஸ்ஃபோர்டு கிறைஸ்ட் சர்ச் கல்லூரியிலும், பாம்பர் கமாண்ட் தலைவர் ஹாரிஸின் தாள்கள் ஹெண்டன் விமானப்படை அருங்காட்சியகத்திலும் இருக்கின்றன. சோதனைக்கு நல்ல கட்டு: 1944 நவம்பர் முதல் 1945 ஜனவரி வரை இந்த இருவருக்கும் இடையே, எண்ணெய் ஆலைகளைத் தாக்குவதா, நகரங்களைத் தாக்குவதா என்று நடந்த கடிதச் சண்டை. முடிவில் ஹாரிஸ் பதவி விலகத் தயார் என்றே எழுதினார். முதலில் கடிதங்களை வரிசையாகப் படியுங்கள், பிறகு மூன்றாம் தொகுதியைத் திறங்கள்.

இன்னொரு சோதனை இவரைப் போன்றவர்களுக்கு மட்டுமே செய்ய முடிவது. அவர் பறந்த இரவுகளை எல்லாம் லாக் புக்கிலிருந்து பட்டியலிடுங்கள். அந்த இரவுகள் பற்றி நூல் சொல்வதை ஒரு பக்கமும், அவர் போகாத ஆனால் அதே அளவுள்ள இரவுகள் பற்றிச் சொல்வதை இன்னொரு பக்கமும் வையுங்கள். தன் இரவுகளுக்கு மட்டும் கூடுதல் இடமோ, கூடுதல் சூடோ கொடுத்திருக்கிறாரா? மறக்க வேண்டாம்: எழுதியவர் இருவர். வெப்ஸ்டர் 1886இல் பிறந்த ராஜதந்திர வரலாற்றாசிரியர். விமானத்துக்கும் அவருக்கும் தொடர்பில்லை. ஒரு வாக்கியத்தை ‘ஃபிராங்க்லண்ட் எழுதினார்’ என்று சொல்லச் சான்று இல்லாத இடத்தில் ‘நூல் சொல்கிறது’ என்று எழுதுங்கள்.

நூல் வெளிவருமுன்பே, 1961 ஆகஸ்டில், வெப்ஸ்டர் இறந்துவிட்டார். அதன்பின் எழுந்த புயலை ஃபிராங்க்லண்ட் தனியாகத்தான் சந்தித்தார். குண்டுவீச்சே வீண் செலவு, தோல்வி என்று நூல் சொல்வதாகப் பத்திரிகைகள் எழுதின. மூன்றாம் தொகுதியின் முடிவுரையைத் திறந்து பாருங்கள்: வெற்றிக்குத் தீர்மானகரமான பங்களிப்பு என்றுதான் அங்கே இருக்கிறது. ஆனால் அந்தப் பங்களிப்பு பெரும்பாலும் பிந்தித்தான் வந்தது, நீண்டதூரப் போர் விமானங்கள் ஜெர்மன் விமானப்படையை ஒடுக்கி வானத்தைக் கைப்பற்றிய பிறகே சாத்தியமானது என்ற கணக்கும் கூடவே வருகிறது. ‘ஆனால்’ போட்ட வாக்கியம் தலைப்புச் செய்தியில் நிற்பதில்லை. இரங்கல் கட்டுரைகள் பலவும் நூலை அந்தச் சண்டையின் வழியாகவே நினைவுகூர்வதால், நூல் என்ன சொல்கிறது என்பதற்கு அவற்றை ஆதாரமாகக் கொள்ளவே வேண்டாம்.

அவருடைய நினைவுநூல் 1998இல் வந்தது. பறந்து ஐம்பது ஆண்டுக்கு மேல், நூல் பற்றிய சண்டை எழுந்து முப்பத்தேழு ஆண்டு. அதைக் கேள்விப் பட்டியலாகப் பயன்படுத்துங்கள். “இன்னார் வரைவைத் தடுக்கப் பார்த்தார்” என்று எங்கே வருகிறதோ, அங்கே அமைச்சரவை அலுவலகத்தின் ‘கேப்’ (CAB) வரிசையில் ஒரு கோப்பு இருக்க வாய்ப்பு உண்டு. கோப்பு கிடைத்தால் அதை எழுதுங்கள். கிடைக்காவிட்டால் “என்று அவர் நினைவுகூர்கிறார்” என்று முடியுங்கள்.

அருங்காட்சியகம்

இருபத்திரண்டு ஆண்டு இயக்குநர் பதவியை எழுதும்போது ஆண்டறிக்கைகளும் அறங்காவலர் கூட்டக் குறிப்புகளும் போதும். கவனம் வேண்டிய இடம் ஒன்றே: அவர் காலத்தில் தொடங்கியது எது, முடிந்தது எது. போர்க்கப்பல் பெல்ஃபாஸ்ட் 1971 அக்டோபரில் மக்களுக்குத் திறந்தது. அருங்காட்சியகத்தோடு இணைந்தது 1978இல். சர்ச்சிலின் நிலத்தடிப் போர் அறைகள் திறந்தது 1984, அவர் ஓய்வுபெற்ற பிறகு. 1968 அக்டோபர் 13 அன்று யாரோ வைத்த தீயில் கட்டடத்தின் குவிமாடம் சேதமடைந்தது. அதற்கு அவருடைய நூலைவிட அன்றைய பத்திரிகை நம்பகமானது. 1973-74இல் 26 பகுதிகளாக ஒளிபரப்பான ‘தி வேர்ல்ட் அட் வார்’ தொடருக்கு அவர் வரலாற்று ஆலோசகர். எழுதியவரோ தயாரித்தவரோ அல்ல.

வாழ்க்கை எழுதியவரின் வாழ்க்கை

ஒருவர் எழுதிய வாழ்க்கை வரலாற்றைச் சோதிக்க, அந்த ஆண்டில் எந்தத் தாள்கள் திறந்திருந்தன என்று முதலில் கேளுங்கள். ஜார் நிக்கோலஸ் பற்றிய நூல் 1960இல் வந்தது. சோவியத் காப்பகங்கள் அப்போது மூடியிருந்தன. ஜார் குடும்பத்தின் எலும்புகளைத் தோண்டி எடுத்தது 1991இல். அந்த நூலில் இல்லாததைக் குறையாகச் சொல்வது நியாயமில்லை.

அரச குடும்பத்தவர் இருவரைப் பற்றிய நூல்களில் முன்னுரையையும் நன்றியுரையையும்தான் முதலில் படிக்க வேண்டும்: யார் அனுமதித்தார்கள், யார் தாள்களைத் தந்தார்கள், யார் கேட்டு எழுதினார். அதிகாரபூர்வ வரலாற்றில் அரசாங்கத்தோடு மல்லுக்கட்டியவர் இங்கே எவ்வளவு விட்டுக்கொடுத்தார் என்பதை ஒப்பிட இது நல்ல இடம்.

நம்மவர்களுக்கு ஓர் எளிய நுழைவாயிலும் இருக்கிறது. குளோஸ்டர் கோமகன்தான் 1948 பிப்ரவரி 10 அன்று இலங்கை டொமினியனின் முதல் நாடாளுமன்றத்தைத் தொடங்கிவைத்தவர். கன்னாட் கோமகன் 1921 ஜனவரியில் சென்னையில் இரட்டையாட்சிக் காலத்தின் முதல் சட்டசபையைத் தொடங்கிவைத்தவர். டெல்லி கன்னாட் பிளேஸ் இவர் பெயரால்தான். ஆக, ஃபிராங்க்லண்டின் ஓர் அத்தியாயத்தையாவது எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் உட்கார்ந்தே சரிபார்க்கலாம். அன்றைய தமிழ்ப் பத்திரிகைகளையும் சேர்த்துப் பாருங்கள். ஒத்துழையாமை இயக்கம் சூடாக இருந்த மாதங்கள் அவை, லண்டன் தாள்களில் வரவேற்பு மட்டும் இருக்கும்.

எழுதத் தொடங்கும்போது

அட்டவணை ஒன்று, ஆறு பத்திகள்: தேதி, இடம், நிகழ்ச்சி, ஆதாரம், ஆதாரத்தை எழுதியவர், எழுதிய ஆண்டு. கடைசிப் பத்தியைத்தான் எல்லோரும் விட்டுவிடுவார்கள். அதை வைத்து வரிசைப்படுத்திப் பாருங்கள். ஒரு சம்பவத்துக்கு 1990க்குப் பிறகு எழுதியவை மட்டுமே ஆதாரமாக இருந்தால் அந்த வரியை மஞ்சளாக்குங்கள். இரங்கல் கட்டுரைகள் மூன்று ஒரே விஷயத்தைச் சொன்னால் அது மூன்று ஆதாரம் அல்ல. ஒன்றைப் பார்த்து மற்றவை எழுதியதாக இருக்கும்.

பக்க அளவிலும் கறாராக இருங்கள். போர் வாழ்க்கை விறுவிறுப்பானது. விட்டால் பாதி நூலை விழுங்கிவிடும். பத்தாயிரம் சொல் எழுதுவதானால், பறந்த காலத்துக்கு இரண்டாயிரம், நான்கு தொகுதிகளும் அவற்றின் சண்டையும் நாலாயிரம், அருங்காட்சியகம் ஆயிரத்து ஐந்நூறு, வாழ்க்கை வரலாறுகள் ஆயிரத்து ஐந்நூறு, இளமைக்கும் முதுமைக்கும் மீதி. ஒரு தாக்குதலை மட்டும் விரிவாகச் சொல்லுங்கள். லாக் புக், 541, புகைப்படம் மூன்றும் கிடைக்கிற இரவாகப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள். மற்றவை ஒரு பத்தியில் அடங்கும்.

படங்களுக்கு உரிமை கேட்க இரண்டு மாதமாவது ஆகும். எழுதி முடித்த பிறகு கேட்டுக்கொள்ளலாம் என்று விட்டால் அச்சகம் காத்திருக்கும். முதல் வரைவு முடிந்த அன்றே கடிதத்தை அனுப்பிவிடுங்கள்.